விஎஃப்எக்ஸ் சூப்பர்வைசர் ஆக எந்த வழி: ஸ்டூடியோவா, தயாரிப்புத் தரப்பா, சொந்தக் குழுவா?

விஎஃப்எக்ஸ், அதாவது படத்தின் காட்சிகளைக் கணினியில் உருவாக்கியோ மாற்றியோ தரும் துறையில், கம்பாசிட்டிங்கிலோ (தனித்தனிப் படங்களை ஒரே காட்சியாக இணைப்பது) லைட்டிங்கிலோ (கணினியில் உருவாக்கியவற்றுக்கு வெளிச்சம் அமைப்பது) எட்டுப் பத்து வருடம் உழைத்து லீட் (சிறு குழுவின் தலைவர்) ஆகிவிட்ட எவருக்கும் ஒரு கட்டத்தில் இந்தக் கேள்வி வந்தே தீரும்: அடுத்து சூப்பர்வைசர் ஆக வேண்டும், எந்தப் பக்கமாகப் போவது? இருக்கிற ஸ்டூடியோவிலேயே படிப்படியாக மேலே ஏறலாம். அதை விட்டுவிட்டுத் தயாரிப்பு நிறுவனத்தின் ஆளாகப் படப்பிடிப்புத் தளத்துக்குப் போகலாம். நாலைந்து பேரைச் சேர்த்துக்கொண்டு சொந்தமாகத் தொடங்கலாம். படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது மூவருக்கும் ‘விஎஃப்எக்ஸ் சூப்பர்வைசர்’ என்றுதான் போடுவார்கள். செய்யும் வேலையோ மூன்று வெவ்வேறு வேலை. பதவிப் பெயரை மட்டும் பார்த்து ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் தாவிய நல்ல கலைஞர்கள் ஒரு வருடத்துக்குள் திணறிப்போவது இந்தத் துறையில் அடிக்கடி நடக்கிறது. திறமைக் குறைவு அதற்குக் காரணம் அல்ல. யாருடைய பணத்துக்குத் தான் காவல் என்பது புரியாமல் போனதுதான் பெரும்பாலும் காரணம்.

மூன்று வழிக்கும் அடிப்படை ஒன்றே. திரைக்கதை கைக்கு வந்ததும் காட்சி காட்சியாகப் பிரித்து எங்கெல்லாம் விஎஃப்எக்ஸ் வேண்டும் என்று குறிக்க வேண்டும். ஷாட் எண்ணிக்கையையும் செலவையும் கணிக்க வேண்டும். ஒளிப்பதிவாளரோடும் கலை இயக்குநரோடும் லொகேஷன் பார்த்து, எது செட்டாகக் கட்டப்படும், எந்த இடத்திலிருந்து கணினி எடுத்துக்கொள்ளும் என்று எல்லை போட வேண்டும். படப்பிடிப்பில் அளவுகள் சேகரிக்க வேண்டும். எடிட்டிலிருந்து ஷாட்கள் இறங்கியதும் வேலையைப் பிரித்து, தினமும் பார்த்துத் திருத்தம் சொல்லி, இயக்குநரிடம் ஒப்புதல் வாங்கி, டிஐ (கடைசி நிறச் சீரமைப்பு) முடியும் வரை கூட நிற்க வேண்டும். இதில் எந்தப் பகுதி உங்கள் கையில் இருக்கிறது, எந்தப் பகுதி வேறொருவர் முடிவு செய்து உங்களிடம் வந்து சேர்கிறது என்பதில்தான் மூன்று வழிகளும் பிரிகின்றன.

ஒரு சூழ்நிலையை வைத்துப் பார்த்தால் வித்தியாசம் பளிச்சென்று தெரியும். மாலை வெளிச்சம் இறங்கிக்கொண்டிருக்கிறது. நடிகை கூந்தலை விரித்துவிட்டு மொட்டைமாடி விளிம்பில் நிற்கிறார். பின்னால் தெரியும் கட்டடங்களை எடுத்துவிட்டு வேறொரு காலத்து நகரத்தை வைக்க வேண்டும். புளூ ஸ்கிரீன் (பின்னணியை எளிதாகப் பிரித்தெடுக்கப் பின்னால் கட்டும் நீலத் திரை) ஏற்ற நாற்பது நிமிடம் ஆகும். அதற்குள் வெளிச்சம் போய்விடும். இயக்குநர் திரும்பிப் பார்த்துக் கேட்கிறார்: “ஸ்கிரீன் இல்லாம எடுத்துடலாமா? பின்னால பார்த்துக்கலாம்ல?”

ஐந்து விநாடி ஷாட் என்றால் 24 பிரேம் கணக்கில் 120 பிரேம். முன்னும் பின்னும் எட்டெட்டு பிரேம் ஹேண்டில் (உபரியாக வைக்கும் பிரேம்கள்) சேர்த்தால் 136. அத்தனை பிரேமிலும் காற்றில் பறக்கும் கூந்தலின் ஓரத்தைக் கையால் ரோட்டோ செய்ய, அதாவது பிரேம் பிரேமாகக் கோடு வரைந்து பிரிக்க வேண்டும். மெல்லிய இழைகள் ரோட்டோவுக்கு அகப்படாது. அவற்றைப் புதிதாக வரைந்தோ, வேறு இடத்தில் எடுத்த கூந்தலை ஒட்டியோதான் மீட்க முடியும். ஆனால் கேமராவை இரண்டடி இறக்கி, கூந்தலுக்குப் பின்னால் கட்டடத்துக்குப் பதிலாக வெளுத்த வானம் வரும்படி வைத்துவிட்டால் கதையே வேறு. கறுத்த கூந்தல், வெளிறிய வானம் என்ற அந்த வெளிச்ச வேறுபாட்டை வைத்தே ஓரத்தைப் பிரித்தெடுக்கலாம். ஸ்கிரீனும் தேவையில்லை, பல நாள் ரோட்டோவும் தேவையில்லை.

தயாரிப்புத் தரப்பு சூப்பர்வைசர் அந்த இடத்திலேயே இதைச் சொல்லலாம். சொல்வதற்காகத்தான் அவரை அங்கே நிறுத்தியிருக்கிறார்கள். நூறு பேர் நாற்பது நிமிடம் காத்திருக்கும் செலவையும் ரோட்டோவின் செலவையும் ஒரே பையிலிருந்து கொடுப்பவர்கள் அவருடைய முதலாளிகள். எது மலிவு என்று மனக்கணக்குப் போட்டு ‘எடுங்கள்’ என்று சொல்லும் அதிகாரம் அவருக்கு உண்டு. ஸ்டூடியோ சூப்பர்வைசர் அங்கே இருந்தால், தன் நிறுவனம் புளூ ஸ்கிரீன் உண்டு என்ற அனுமானத்தில் விலை சொல்லியிருப்பது அவருக்கு உடனே நினைவுக்கு வரும். ‘சரி’ என்று சொல்வதற்கு முன் தயாரிப்பாளரிடம் கூடுதல் செலவைப் பற்றிப் பேசியாக வேண்டும். பெரும்பாலும் அவர் அங்கே இருக்கவும் மாட்டார். மூன்று மாதம் கழித்து பிளேட் (தளத்தில் எடுத்த மூலக் காட்சி) வந்து இறங்கும்போதுதான் ஸ்கிரீன் இல்லை என்பதே தெரியவரும். சொந்தக் குழு வைத்திருப்பவர் என்ன சொல்வார்? இயக்குநரின் அடுத்த படமும் தனக்கு வர வேண்டும் என்ற நினைப்பில் ‘தாராளமா சார்’ என்று சொல்லிவிடுவார். அந்தத் தாராளம் அவருடைய குழுவின் நாலு ஞாயிற்றுக்கிழமைகளிலிருந்து போகும்.

ஸ்டூடியோவில் ஏறுவது

ஆர்ட்டிஸ்ட், சீனியர், லீட், பிறகு காம்ப் (கம்பாசிட்டிங்) சூப்பர்வைசர் அல்லது சிஜி (கணினியில் உருவாக்கும் படங்கள்) சூப்பர்வைசர், அதன் பிறகு விஎஃப்எக்ஸ் சூப்பர்வைசர். ஏணி தெளிவாக இருக்கிறது. எந்தப் படியில் எவ்வளவு காலம் என்பது மட்டும் ஆளுக்கு ஆள் மாறும். ஒரு முழு சீக்வென்ஸை (தொடர்ந்து வரும் ஷாட்களின் தொகுதியை) விலை சொல்வதிலிருந்து கடைசி ஒப்புதல் வரை உங்கள் பொறுப்பில் விடும் அந்த முதல் முறைதான் இதில் உண்மையான வாசல் என்பேன். லீட் ஆக இருக்கும் வரை அடுத்தவர் கணித்த நாள்களுக்குள் வேலையை முடித்துக் கொடுக்கிறீர்கள். சீக்வென்ஸ் கைக்கு வந்ததும் அந்த நாள்களை நீங்களே கணிக்கிறீர்கள், தப்பாகப் போனால் நீங்களே பதில் சொல்கிறீர்கள். வேறு எந்த வழியிலும் இவ்வளவு பாதுகாப்பாக இதைப் பழகிக்கொள்ள முடியாது. தலைக்கு மேலே ஒரு மூத்த சூப்பர்வைசரும் பக்கத்தில் ஒரு தயாரிப்பு மேலாளரும் இருப்பார்கள். கணக்குத் தவறினால் பிடித்துவிடுவார்கள்.

ஸ்டூடியோ தரும் இன்னொரு பயிற்சி, டெய்லீஸ். ஒரே அறையில் உட்கார்ந்து நாள்தோறும் நாற்பது ஐம்பது ஷாட் பார்த்து, ஒவ்வொன்றுக்கும் அரை நிமிடத்தில் திருத்தம் சொல்வது தனிக் கலை. ‘இன்னும் கொஞ்சம் ரியலா வேணும்’ என்பது திருத்தமே அல்ல. அதைக் கேட்ட ஆர்ட்டிஸ்ட் இரண்டு நாள் எதையாவது மாற்றிக்கொண்டிருப்பார். ‘நாம் வைத்த கட்டடத்தின் நிழல் பகுதி, பிளேட்டில் அதே தூரத்தில் நிற்கும் மரத்தின் நிழலைவிடக் கறுப்பாக இருக்கிறது, நடுவில் தூசிப் படலம் போதவில்லை, கறுப்பை மரத்தின் அளவுக்குத் தூக்கு’ என்றால் அது திருத்தம். அரை நாளில் ஷாட் முடிந்துவிடும். எதனால் பொய்யாகத் தெரிகிறது என்பதை இப்படிப் பிளேட்டுக்குள்ளேயே இருக்கும் சாட்சியைக் காட்டிச் சொல்லும் பழக்கம் வரச் சில வருடம் பிடிக்கும். நூற்றுக்கணக்கில் ஷாட் வந்து போகும் இடத்தில்தான் அது வரும்.

மூன்றாவதாக, ஆராய்ச்சி. யாரும் செய்திராத ஒன்றைச் செய்ய வேண்டும் என்றால் பின்னால் மென்பொருள் எழுதும் ஆள்களும் பல கணினிகளைக் கோத்த கணினிப் பண்ணையும் வேண்டும். ‘இன்டர்ஸ்டெல்லர்’ படத்தின் கருந்துளையை இதற்கு நல்ல உதாரணமாகச் சொல்லலாம். சூப்பர்வைசர் பால் ஃபிராங்க்ளின் தலைமையில் டபுள் நெகட்டிவ் ஸ்டூடியோ, இயற்பியலாளர் கிப் தோர்னின் சமன்பாடுகளை வைத்துக் கருந்துளையைச் சுற்றி ஒளி வளையும் விதத்தைக் கணக்கிட ஒரு ரெண்டரரையே (கணக்கைப் படமாக்கும் மென்பொருளையே) எழுதியது. அந்த வேலை 2015-இல் இயற்பியல் ஆய்விதழில் கட்டுரையாகவும் வந்தது. ஐந்து பேர் குழுவால் இப்படி ஒன்றைத் தொட முடியாது. உங்களைக் காலையில் எழுப்புவது இந்த மாதிரி சவால்தான் என்றால், பெரிய ஸ்டூடியோவை விட்டுப் போவதைப் பற்றி இரண்டு முறை யோசியுங்கள்.

இதற்கு விலை உண்டு. ஸ்டூடியோக்கள் பெரும்பாலும் நிலையான விலைக்கு வேலை எடுக்கின்றன. ஷாட்டுக்கு இவ்வளவு என்று பேசிக் கையெழுத்துப் போட்ட பிறகு இயக்குநர் மனம் மாறினால், அந்த மாற்றம் கூடுதல் வேலைதான் என்று நிரூபித்துப் பணம் கேட்க வேண்டும். பல சமயம் அடுத்த படத்தை நினைத்துக் கேட்காமலே விட்டுவிடுவார்கள். லாபம் மெல்லியது. 2013 பிப்ரவரியில் ரிதம் அண்ட் ஹ்யூஸ் ஸ்டூடியோ திவால் மனு போட்டது. சில நாளில் அவர்கள் வேலை செய்த ‘லைஃப் ஆஃப் பை’ விஷுவல் எஃபெக்ட்ஸுக்கான ஆஸ்கரை வாங்கியது. மேடையில் சூப்பர்வைசர் பில் வெஸ்டன்ஹோஃபர் நிறுவனத்தின் நெருக்கடியைச் சொல்லத் தொடங்கியதும் இசையை ஏற்றிப் பேச்சை நிறுத்திவிட்டார்கள். பன்னிரண்டு வருடம் கழித்து, 2025 பிப்ரவரியில், எம்பிசி, தி மில் என்ற விஎஃப்எக்ஸ் ஸ்டூடியோக்களை வைத்திருந்த டெக்னிகலர் குழுமம் சரிந்தது. பல நாடுகளில் ஆயிரக்கணக்கானோர் சில நாள் இடைவெளியில் வேலை இழந்தார்கள். வேலை தரமாக இருந்தும் நிறுவனம் நிற்கவில்லை என்பதைத்தான் இரண்டும் காட்டுகின்றன. ‘ஸ்டூடியோ வேலை நிலையானது, மற்றவை ஆபத்தானவை’ என்ற பழைய கணக்கை இன்று நம்ப முடியாது.

வரிச்சலுகையும் இருக்கிறது. கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியா, கியூபெக் மாகாணங்கள், பிரிட்டன், ஆஸ்திரேலியா என்று எங்கே அரசு சலுகை தருகிறதோ அங்கே வேலை நகர்கிறது. விதி மாறினால் வேலையும் நகரும், அதன் பின்னால் குடும்பத்தோடு ஆள்களும் நகர வேண்டியிருக்கும். ஸ்டூடியோ சூப்பர்வைசர் ஆக விரும்புகிறவர் பத்து வருடத்தில் இரண்டு நகரமாவது மாற நேரலாம் என்று வீட்டில் பேசிவைத்துக்கொள்வது நல்லது.

தயாரிப்புத் தரப்பு

இங்கே உங்களை நியமிப்பது படத்தின் தயாரிப்பாளர். இயக்குநருக்குப் பிடித்திருக்க வேண்டும் என்பது எழுதாத விதி. படத்தின் மொத்த விஎஃப்எக்ஸ் செலவும் உங்கள் பொறுப்பு. எந்த சீக்வென்ஸ் எந்த ஸ்டூடியோவுக்கு என்று பிரிப்பது, வந்த விலைகளை ஒப்பிடுவது, நாலு ஸ்டூடியோ செய்த ஷாட்கள் ஒரே காட்சியில் அடுத்தடுத்து வரும்போது ஒரே படமாகத் தெரியவைப்பது எல்லாம் உங்கள் வேலை. மென்பொருளைத் தொடுவதே குறைந்துவிடும். இது பலருக்குக் கசக்கிறது. கைவேலையை விட மனமில்லாதவர் இந்தப் பக்கம் போனால், இரவில் தனியாக உட்கார்ந்து அடுத்தவர் ஷாட்டைத் திருத்திக்கொண்டிருப்பார். பகலில் செய்ய வேண்டிய பேச்சுவார்த்தை கெட்டுப்போகும்.

தளத்தில் நடப்பதைக் கிட்டத்தில் பார்த்தால்தான் இந்த வேலை புரியும். ஒரு டேக் ஓகே ஆனதும் ‘மூவிங் ஆன்’ என்று குரல் கேட்கும். அடுத்த நொடியே விளக்குகளைக் கழற்ற ஆள்கள் ஓடுவார்கள். அதற்குள் உங்கள் டேட்டா ராங்லர் (தளத்தில் அளவுகளைச் சேகரிப்பவர்) பாதி சாம்பல், பாதி பளபளப்பான உருண்டையைக் கையில் பிடித்துக்கொண்டு நடிகர் நின்ற இடத்தில் போய் நிற்க வேண்டும். கேமரா அதைச் சில விநாடி பதிவு செய்ய வேண்டும். பிறகு கலர் சார்ட் (நிறங்களை ஒப்பிட உதவும் அட்டை). பிறகு அதே இடத்தில் ஸ்டாண்டை வைத்து, ஃபிஷ்ஐ லென்ஸில் சுற்றிலும், இருட்டிலிருந்து அதிவெளிச்சம் வரை பல எக்ஸ்போஷரில் படம் எடுக்க வேண்டும். இதுதான் எச்டிஆர்ஐ. 1998-இல் பால் டெபெவெக் வெளியிட்ட ஆய்வுக்குப் பிறகு துறை முழுக்கப் பரவிய முறை. கணினியில் வைக்கும் பொருளுக்கு, அந்த இடத்தில் அந்த நிமிடம் இருந்த அதே வெளிச்சத்தைக் கொடுப்பதற்காகத்தான் இத்தனை ஓட்டம். லென்ஸ், கேமரா உயரம், சாய்வு, நடிகருக்கும் கேமராவுக்கும் இடையிலான தூரம் எல்லாம் குறிப்பேட்டில் ஏற வேண்டும். முடிந்தால் ஆளே இல்லாத கிளீன் பிளேட் ஒன்று.

இந்த இரண்டு நிமிடத்தை உதவி இயக்குநரிடம் கேட்டு வாங்குவதுதான் சூப்பர்வைசரின் உண்மையான சாமர்த்தியம். எல்லா ஷாட்டுக்கும் கேட்டால் மூன்றாம் நாளிலிருந்து யாரும் காதில் வாங்க மாட்டார்கள். எந்த ஷாட்டுக்கு அது இல்லாவிட்டால் பின்னால் உயிர் போகுமோ, அதற்கு மட்டும் கேட்டால் கொடுப்பார்கள். எந்த ஷாட் அது என்று எப்படித் தெரியும்? எச்டிஆர்ஐ இல்லாமல் வந்த பிளேட்டில் உட்கார்ந்து லைட்டிங் செய்து பார்த்தவருக்குத் தெரியும். கிளீன் பிளேட் இல்லாமல் நடிகரைத் தூக்கிய கம்பியை அழித்துப் பார்த்தவருக்குத் தெரியும். ஸ்டூடியோ அனுபவம் இல்லாமல் நேராகத் தளத்துக்கு வருகிறவர்களிடம் நான் காணும் பெரிய குறை இதுவே. அளவுகள் எல்லாம் ஒழுங்காகச் சேகரிப்பார்கள். எது இல்லாமலும் சமாளிக்கலாம் என்பது மட்டும் தெரியாது.

வருமானத்தைப் பொறுத்தவரை படத்துக்குப் படம் ஒப்பந்தம்தான். நடக்கும்போது நன்றாக நடக்கும், இரண்டு படத்துக்கு நடுவே மாதக்கணக்கில் இடைவெளி விழும். 2023-இல் ஹாலிவுட்டில் எழுத்தாளர்களும் நடிகர்களும் வேலைநிறுத்தம் செய்தபோது புதிய படப்பிடிப்புகள் நின்றன. முதல் அடி வாங்கியவர்களில் தளத்தை நம்பிய விஎஃப்எக்ஸ்காரர்களும் உண்டு. தளத்தில் பக்கத்தில் நிற்கும் கேமரா, விளக்கு, ஒப்பனைக் குழுக்களுக்குப் பல நாடுகளில் சங்கப் பாதுகாப்பு இருக்கிறது. விஎஃப்எக்ஸ் குழுவுக்குப் பல காலமாக இல்லை. 2023 செப்டம்பரில் மார்வெல் ஸ்டூடியோஸின் தயாரிப்புத் தரப்பு விஎஃப்எக்ஸ் பணியாளர்கள் ஐயாட்ஸி என்ற திரைத்துறைத் தொழிலாளர் சங்கத்தில் சேர ஒருமனதாக வாக்களித்தது அதனால்தான் பெரிய செய்தியானது. இந்த வழியில் போகிறவர்கள் ஒப்பந்தத்தில் வேலை நேரம், ஓய்வு நேரம், போஸ்ட் (படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலை) நீண்டால் கிடைக்கும் வாரச் சம்பளம் ஆகியவற்றைத் தாங்களே எழுதி வாங்க வேண்டும். படப்பிடிப்பு முடிந்த பிறகும் ஒரு வருடம் உங்கள் வேலை தொடரும் என்பதைப் பல தயாரிப்பாளர்கள் ஒப்பந்தம் போடும்போது மறந்துவிடுகிறார்கள்.

வேறு எந்த இருக்கையும் தராத ஒன்று இங்கே கிடைக்கிறது. படம் எப்படி எடுக்கப்பட வேண்டும் என்ற பேச்சு நடக்கும்போதே நீங்கள் அறையில் இருக்கிறீர்கள். ஒரு காட்சியில் முப்பது ஷாட் விஎஃப்எக்ஸ் என்று இருப்பதை, செட்டில் ஒரு சுவரைக் கூடுதலாகக் கட்டவைத்துப் பத்தாகக் குறைப்பது மிகப் பெரிய படைப்பு வேலை. அது திரையில் தெரியாது. அதைச் செய்தவருக்கும் தயாரிப்பாளருக்கும் தெரியும், அடுத்த படத்துக்கு அழைப்பும் வரும்.

சொந்தக் குழு

இந்த வழியின் மீது எல்லோருக்கும் ஆசை வரக் காரணமான படங்கள் உண்டு. 2010-இல் கேரத் எட்வர்ட்ஸ் தான் இயக்கிய ‘மான்ஸ்டர்ஸ்’ படத்தின் எஃபெக்ட்ஸைத் தானே உட்கார்ந்து செய்தார். ‘காட்ஜில்லா மைனஸ் ஒன்’ படத்தின் 610 விஎஃப்எக்ஸ் ஷாட்களை 35 பேர் கொண்ட குழு செய்து 2024-இல் ஆஸ்கர் வாங்கியது. அந்தப் படத்தை இயக்கிய தகாஷி யமசாகியே அதன் விஎஃப்எக்ஸ் சூப்பர்வைசரும். அதைப் படித்ததும் நம்மாலும் முடியும் என்று தோன்றும். ஆனால் இரண்டு படத்திலும் இயக்குநரும் சூப்பர்வைசரும் ஒரே ஆள் என்பதைக் கவனிக்க வேண்டும். மனம் மாறினால் அதன் விலை என்ன என்று கேட்ட நொடியிலேயே தெரிந்த இயக்குநர். ‘பின்னால பார்த்துக்கலாம்’ என்ற பேச்சுக்கே இடமில்லை. யமசாகியின் குழுவோ ஷிரோகுமி என்ற பல காலம் நிலைத்த நிறுவனத்தின் குழு. புதிதாகக் கூட்டிய ஐந்து பேரும் வெளி இயக்குநர் ஒருவரும் சேர்ந்தால் அதே விளைவு வரும் என்று எதிர்பார்ப்பது சரியான ஒப்பீடு அல்ல.

சொந்தக் குழு என்றால் வாரத்தில் பாதி நாள் பணம் வசூலிக்கும் வேலை. தவணை தவணையாக வரும் பணம் தாமதமாகும். சம்பளம் தாமதமாக முடியாது. பெரிய படங்களின் வேலை வேண்டும் என்றால் தகவல் பாதுகாப்புத் தணிக்கையில் தேறியாக வேண்டும். சேமிப்பு, பேக்கப், லைசன்ஸ் செலவு மாதாமாதம் நிற்காமல் வரும். சின்ன படங்களில் நேராக இயக்குநரோடு உட்கார்ந்து வேலை செய்யும் சுகம் உண்மைதான். ஒரே வகை வேலையில் பெயர் எடுத்த குழுக்கள் நன்றாக நிற்கின்றன: கண்ணுக்குத் தெரியாத சுத்திகரிப்பு, நீர், கூட்டம் இப்படி ஏதாவது ஒன்று. எல்லாம் செய்வோம் என்று தொடங்குகிறவர்கள் கையைச் சுட்டுக்கொள்கிறார்கள். வியாபாரம் பார்க்கத் தெரிந்த கூட்டாளி ஒருவர் கூடவே இருந்தால் ஒழிய, முதல் சூப்பர்வைசர் நாற்காலியாக இதை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன்.

எந்தத் துறையிலிருந்து வந்தால் நல்லது?

கம்பாசிட்டிங்கிலிருந்து வருகிறவர்களுக்கு ஒரு அனுகூலம் உண்டு. எல்லாத் துறையின் வேலையும் கடைசியில் அவர்கள் மேசைக்குத்தான் வருகிறது. எது எங்கே பிசகியது என்று பார்த்துப் பழகியிருப்பார்கள். உயிரினங்கள், அழிவுக் காட்சிகள் நிறைந்த படங்களுக்கு லைட்டிங்கிலிருந்தோ அனிமேஷனிலிருந்தோ வந்த சிஜி சூப்பர்வைசர்கள் பொருத்தம். எஃபெக்ட்ஸ் சிமுலேஷனில் (தீ, புகை, வெடிப்பு போன்றவற்றைக் கணினியில் உருவாக்குவதில்) ஊறியவர்கள் சூப்பர்வைசர் ஆவது குறைவு. ஒரு வெடிப்பைச் சரிசெய்வதில் மாதக்கணக்கில் ஆழ்ந்துபோகும் இயல்பும், இருநூறு ஷாட்டை ஒரே பார்வையில் வைத்துக்கொள்ளும் இயல்பும் ஒரே ஆளிடம் அமைவது அரிது. அமைந்தவர்கள் அபாரமான சூப்பர்வைசர்கள். இதில் இன்னொன்று: கணக்கும் அட்டவணையும் பேச்சுவார்த்தையும் இயல்பாக வருகிறது, பிரேமைப் பார்த்துக்கொண்டிருக்க அலுக்கிறது என்றால், நீங்கள் தேடுவது விஎஃப்எக்ஸ் புரொடியூசர் வேலையாக இருக்கலாம். அது ஒரு படி கீழ் என்று நினைப்பவர்கள் நல்ல புரொடியூசர் இல்லாத படத்தில் வேலை செய்ததில்லை.

ரோட்டோ, பெயிண்ட் (வேண்டாததை அழிப்பது), மேட்ச்மூவ் (கேமராவின் அசைவைக் கணினியில் பிரதியெடுப்பது) போன்ற தொடக்கநிலை வேலைகளில் இப்போது இயந்திரக் கற்றல் கருவிகள் புகுந்துவிட்டன. கம்பாசிட்டிங் மென்பொருளான நியூக்கிலேயே 2021 முதல் காப்பிகேட் என்ற கருவி இருக்கிறது; சில பிரேமைக் காட்டிப் பழக்கினால் மீதியை அதுவே செய்யப் பார்க்கும். சூப்பர்வைசர் வேலை இதனால் போய்விடும் என்று நான் நினைக்கவில்லை. சூப்பர்வைசரை உருவாக்கிய ஏணியின் கீழ்ப்படிகள் குறைகின்றன என்பதுதான் என் கவலை. நூறு மோசமான பிளேட்டைக் கையால் சரிசெய்து வந்த அறிவு அடுத்த தலைமுறைக்கு எங்கிருந்து கிடைக்கும்? இப்போது லீட் நிலையில் இருப்பவர்கள் ஜூனியர்களைத் தளத்துக்கும் டெய்லீஸ் அறைக்கும் முன்கூட்டியே அழைத்துப் போவது இன்று அவசியமாகிவிட்டது.

எல்இடி சுவரில் பின்னணியை ஓடவிட்டு அதன் முன் படமெடுக்கும் வெர்ச்சுவல் புரொடக்‌ஷன், ‘தி மாண்டலோரியன்’ தொடர் 2019-இல் வந்த பிறகு தனிக் கிளையாக வளர்ந்திருக்கிறது. அந்தப் பின்னணியை ஓட்டும் அன்ரியல் எஞ்சின் மென்பொருள் கைவந்தவர்களுக்கு அங்கே சீக்கிரமாகவே பொறுப்பு கிடைக்கிறது. ஆனால் பின்னணியைப் படப்பிடிப்புக்கு முன்பே முடித்தாக வேண்டும் என்பதால், முடிவெடுக்கத் தயங்கும் இயக்குநரோடு அங்கே மாட்டிக்கொண்டால் தப்ப வழியில்லை.

என் முடிவு

பெரும்பாலானோருக்கு நான் சொல்வது இந்த வரிசையைத்தான். முதலில் ஸ்டூடியோவிலேயே இருந்து, ஒரு சீக்வென்ஸையாவது விலை சொல்வதிலிருந்து ஒப்புதல் வரை சொந்தப் பொறுப்பில் முடியுங்கள். அதே காலத்தில் எப்படியாவது கேட்டு வாங்கி, சில வாரமாவது டேட்டா ராங்லராகத் தளத்தில் நில்லுங்கள். லீட் ஆன பிறகு உருண்டையைத் தூக்கிக்கொண்டு ஓடுவதா என்று கூச்சப்பட வேண்டாம். அதன் பிறகு தயாரிப்புத் தரப்புக்குப் போகலாமா என்று யோசியுங்கள். சொந்தக் குழு இந்த இரண்டுக்கும் பிறகு.

இதற்கு விதிவிலக்குகள் உண்டு. கேமரா உதவியாளராகவோ எடிட்டிங்கிலோ பல வருடம் இருந்துவிட்டு விஎஃப்எக்ஸுக்கு வந்தவர், தளத்தின் மொழி தெரிந்தவர் என்பதால் நேராகத் தயாரிப்புத் தரப்பில் நுழையலாம். ஆனால் முதல் இரண்டு படத்திலாவது கம்பாசிட்டிங் தெரிந்த ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொள்ள வேண்டும். சின்னக் குழந்தைகள் இருக்கும் வீடு, பார்த்துக்கொள்ள வேண்டிய பெற்றோர் என்றால், மாதக்கணக்கில் வெளியூர்ப் படப்பிடிப்பு கேட்கும் வழியைச் சில வருடம் தள்ளிப்போடுவதில் எந்த இழப்பும் இல்லை. ஐம்பது வயதில் முதல் முறை தயாரிப்புத் தரப்புக்குப் போய்ச் சிறப்பாகச் செய்கிறவர்கள் இருக்கிறார்கள்.

ஒரு ஸ்டூடியோ உங்களைச் சூப்பர்வைசர் பதவிக்கு அழைத்தால் சம்பளத்துக்கு முன்பே மூன்றைக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். விலை சொல்லும் கூட்டத்தில் நான் இருப்பேனா, அல்லது பேசி முடித்த நாள்களை என்னிடம் கொடுப்பீர்களா? படப்பிடிப்புக்கு எங்கள் தரப்பிலிருந்து யார் போவார்கள்? இயக்குநர் பார்வையிடும்போது நானே ஷாட்டைக் காட்டிப் பேசுவேனா, இல்லை வேறொருவர் பார்த்துவிட்டுக் குறிப்பை மின்னஞ்சலில் அனுப்புவாரா? மூன்றுக்கும் மழுப்பலான பதில் வந்தால், உங்களுக்குக் கிடைக்கப்போவது புதிய பெயரில் பழைய லீட் வேலை. அப்படிப்பட்ட இடத்தில் பெரிய படத்தைவிட, மூன்றுக்கும் ‘நீங்கள்தான்’ என்று பதில் சொல்லும் சின்ன ஸ்டூடியோவின் நடுத்தரப் படத்தை எடுத்துக்கொள்ளுங்கள்.